ஏழு மிதி, எட்டாவது அந்தரம்

கிள்ளானில் யாரிடமும் விவரம் சொல்லாமல்தான் கிளம்பினேன். கேட்டவர்களுக்கு, "இந்தியாவில் ஒரு சின்ன வேலை" என்றேன். சின்ன வேலைதான். கிதார் பையின் உள்பக்கம் ஒரு தாள் இருந்தது. கூனிமேட்டில் இருக்கும் அன்வர் அதில் ஒரு கையெழுத்துப் போட வேண்டும். வெள்ளிக்கிழமைக்குள் அது கோலாலம்பூரில் லிம்முடைய மேசைக்குப் போய்ச் சேர வேண்டும். சேர்ந்தால் என் ஆல்பம் வரும். இல்லாவிட்டால் வராது.

லிம் என் தயாரிப்பாளர். நான் பாடகன். பாப் ராக். இதைச் சொன்னால் எங்கள் ஊரிலேயே பாதிப் பேர், "அப்படின்னா சினிமாப் பாட்டு பாட வராதா?" என்று கேட்பார்கள். பதினைந்து வருஷமாக நானே எழுதி, நானே மெட்டுப் போட்டு, நானே பாடுகிறேன். கல்யாண விருந்து, கடைத் திறப்பு விழா, தீபாவளி மேடை எல்லாம் பார்த்தாயிற்று. இத்தனை வருஷத்தில் ஜனங்கள் திருப்பிப் பாடும் பாட்டு என்று என்னிடம் இருப்பது ஒன்றே ஒன்று. அதன் பெயர் 'ஒத்தக்கால்'. அது இல்லாமல் ஆல்பமே வேண்டாம் என்று லிம் சொல்லிவிட்டார்.

அந்தப் பாட்டின் பல்லவியில் ஏழு அடிதான் விழும். எட்டாவது அடியில் டிரம்ஸ், கிதார், குரல் எல்லாம் சட்டென்று நின்றுவிடும். பிறகு மறுபடி ஏழு. ரேடியோ பேட்டியில் ஒருவர், "அந்த மௌனம் உங்களுக்கு எப்படித் தோன்றியது?" என்று கேட்டார். "தானாக வந்தது" என்றேன். வெட்கமே இல்லாமல் சொன்னேன்.

அது தானாக வரவில்லை, அன்வரிடமிருந்து வந்தது. எங்கள் தெருவில் தமிழ் முஸ்லிம்கள் நடத்தும் 'மாமாக்' சாப்பாட்டுக் கடையில் அவன் ரொட்டி போட்டுக்கொண்டிருந்தான். மத்தியானம் ஆள் இல்லாத நேரத்தில் மாவை அடித்தபடி, காலால் தரையில் தாளம் போட்டு ஒரு மெட்டை முனகுவான். நான் பக்கத்து மேசையில் தே தாரேயோடு, அதாவது ஆற்றிய பால் டீயோடு, உட்கார்ந்து அதற்கு வார்த்தை எழுதினேன். வார்த்தை முழுக்க என்னுடையது. பல்லவியின் மெட்டும் தாளமும் அவனுடையது. முதல் கேசட் உறையில் 'இசை: சேகர், அன்வர்' என்றுதான் போட்டேன். விற்காத கேசட்டில் பெருந்தன்மையாக இருப்பது சுலபம். பர்மிட் முடிந்து அவன் ஊருக்குப் போனான். பாட்டு ரேடியோவில் ஓட ஆரம்பித்தது. அடுத்த சிடியில் அவன் பெயர் காணாமல் போயிற்று. நான்தான் எடுத்தேன். இப்போது லிம்முடைய வக்கீல் அந்தப் பழைய கேசட்டை எங்கிருந்தோ தோண்டி எடுத்து, "யார் இந்த அன்வர்?" என்று கேட்டுவிட்டார்.

அதனால்தான் தாள். 'இப்பாட்டுக்கும் எனக்கும் சம்பந்தமில்லை, இதை இனி எந்த வகையிலும் பயன்படுத்த மாட்டேன்.' கீழே அன்வர் பெயர், ஒரு கோடு.

திங்கட்கிழமை. சென்னையிலிருந்து கடற்கரைச் சாலையில் போகும் பஸ்ஸில் கண்டக்டர் என் கிதாரைப் பார்த்து, "இது இன்னா, பொட்டியா? இதுக்கும் டிக்கெட் எடு" என்றார். எடுத்தேன். டிக்கெட் எடுத்த கிதாருக்கு இடம் கிடைத்தது கடைசி சீட்டுக்குப் பின்னால், ஒரு கருவாட்டுக் கூடையின் மேல். கிள்ளானில் பஸ்ஸில் டுரியான் கொண்டுவந்தால் இறக்கிவிடுவார்கள். இங்கே கருவாட்டுக்காரம்மா என்னை முறைத்தார், என் பெட்டி அவர் கூடையை நசுக்குகிறது என்று.

மரக்காணம் தாண்டியதும் தண்ணீர் வடிந்த உப்பளங்கள் சாம்பல் நிறத்தில் கிடந்தன. அன்வரிடம் சொல்ல வேண்டியதை மனசுக்குள் ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தேன். 'சும்மா ஒரு ஃபார்மாலிட்டிடா' என்று ஆரம்பிப்பதா, 'உனக்கே தெரியும்ல' என்று ஆரம்பிப்பதா? இந்த யோசனையில் ஊர் போய்விட்டது. "கூனிமேடு எப்பவோ போச்சே, நீ இறங்கலியா?" என்று கண்டக்டர் என்னைக் கீழ்புத்துப்பட்டில் இறக்கிவிட்டார். அங்கிருந்து திரும்ப ஷேர் ஆட்டோ. அது பாதி வழியில் நின்றது. "இறங்கித் தள்ளுங்க சார்" என்றார் ஆட்டோக்காரர். தள்ளினேன். கிதார் மட்டும் சீட்டில் ஜம்மென்று உட்கார்ந்து வந்தது.

அன்வரின் அண்ணன் காதர் பாய் பள்ளிவாசல் பக்கத்துத் தெருவில் மளிகைக் கடை வைத்திருக்கிறார். உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்து டீ வாங்கிக் கொடுத்தார். டீ நன்றாக இருந்தது. கூட வந்த போண்டாவில் உப்பு இல்லை. உப்பளத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்து உப்பில்லாத போண்டா தின்கிறேனே என்று நினைத்தபோது சிரிப்பு வந்தது. அந்தச் சிரிப்பிலேயே வாய் தவறி, "ஒண்ணுமில்ல பாய், தம்பிகிட்ட ஒரு கையெழுத்து வாங்கணும்" என்று சொல்லிவிட்டேன்.

அவர் டீ கிளாஸைக் கீழே வைத்தார்.

"நீங்க ஏஜெண்டுங்களா?"

"இல்ல பாய். நான் பாடறவன்."

"கையெழுத்துன்னாலே எங்களுக்கு அலர்ஜிங்க. இந்தத் தெருவுல பேப்பர்ல கையெழுத்து போட்டுட்டு வெளிநாடு போனவன் ஒவ்வொருத்தனையும் கேட்டுப் பாருங்க. சூப்பர்வைசர் வேலைன்னான், போனா ஒட்டகம் மேய்க்கச் சொன்னான். பேப்பர்ல இன்னா எழுதியிருக்குதுன்னு எவனுக்கும் தெரியாது." கடை வாசல் பக்கம் பார்த்தார். "தம்பி பாண்டிக்குப் போயிருக்கான். எப்ப வருவான்னு தெரியாது."

முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது, பொய். ஆனால் அவரைக் குறை சொல்ல எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது? மரக்காணத்தில் ஒரு லாட்ஜில் அறை எடுத்தேன். மின்விசிறி சுற்றியது, தூக்கம்தான் வரவில்லை.

செவ்வாய்க்கிழமை காலையில் லிம் கைப்பேசியில் கூப்பிட்டார். "சேகர், ஒரே ஒரு கையெழுத்து. அதற்கு எதற்கு இத்தனை நாள்?" என்றார். அவர் ஆங்கிலமும் மலாயும் கலந்து பேசுவார், கோபம் வந்தால் மலாய் மட்டும். இன்று மலாய் மட்டும். "வெள்ளி மத்தியானத்துக்கு மேல் நான் அந்த ஸ்டூடியோ நாட்களை வேறு ஆளுக்குக் கொடுத்துவிடுவேன்." எனக்கு முப்பத்தெட்டு வயது. வேறு ஆள் யார் என்றும் எனக்குத் தெரியும், இருபத்திரண்டு வயது, தலைமுடிக்குச் சிவப்புச் சாயம்.

கிதாரோடு மறுபடி கூனிமேட்டுக்குப் போய், காதர் பாய் கடைப் பக்கம் தலைகாட்டாமல் விசாரித்துக்கொண்டு நேரே அன்வர் வீட்டுக்கே போனேன். கதவு சாத்தியிருந்தது. தட்டக் கை தூக்கினேன், அப்படியே நின்றுவிட்டேன். உள்ளே ஒரு பெண்குரல் குழந்தையைத் தட்டித் தூங்கவைத்துக்கொண்டிருந்தது. வார்த்தை என்னுடையது. மெட்டு அந்த மெட்டு. ஏழு தட்டு கேட்டது, எட்டாவதில் கை நின்றது. பிறகு மறுபடி ஏழு. அந்தப் பாட்டை ஆயிரம் பேர் சேர்ந்து பாடிக் கேட்டிருக்கிறேன். இப்படிக் கேட்டதில்லை. திரும்பிப் போய்விடலாம் என்றுதான் தோன்றியது. போகவில்லை, தட்டினேன்.

"யாருங்க?"

"கிள்ளான் சேகர்."

கதவு உடனே திறந்தது. அன்வரின் மனைவி ரஹ்மத். "மலேசியா அண்ணனா? உட்காருங்கண்ணா. அவரு உப்பளத்துல இருக்காரு, இப்ப வந்துடுவாரு. பாப்பா பேரு சபீனா. இந்தப் பாட்டு பாடலேன்னா அது தூங்காது."

மூன்று வயதுக் குழந்தை, பாயில் குப்புறப் படுத்துத் தூங்கிக்கொண்டிருந்தது. நான் சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

அன்வர் வந்தான். முழங்கால் வரை சேறு காய்ந்து வெள்ளையாகப் பூத்திருந்தது. என்னைக் கண்டதும் அந்தச் சேற்றோடு அப்படியே கட்டிக்கொண்டான். "சேகர்ணா, நீ வருவேன்னு எனக்குத் தெரியும்ணா." என் சட்டையெல்லாம் சேறு. அவன் திட்டியிருந்தால் சமாளித்திருப்பேன். இதற்கு என்ன செய்வது?

சங்கரா மீன் குழம்பு, பொரித்த நெத்திலி, ஆவி பறக்கும் சோறு. கிள்ளானில் வாழை இலை போட்டு இதற்கு ஒரு பெயரும் வைத்து விற்பார்கள். இங்கே அலுமினியத் தட்டில், இரண்டாவது முறை வேண்டாமென்றாலும் விழுந்தது. சாப்பிட்டபடி அவன் 'நம்ம பாட்டு', 'நம்ம பாட்டு' என்று நான்கு தரம் சொல்லியிருப்பான். ஒவ்வொரு தரமும் நான் குனிந்து மீன் முள்ளைத் தேடினேன்.

கைகழுவிய பிறகு கேட்டான், "எதுக்குணா இவ்ளோ தூரம்?"

தாள் பக்கத்திலேயே இருந்தது. கையை நீட்டினால் போதும். "சும்மாடா. பார்த்துட்டுப் போகத்தான்."

என் கிதார் பையை ஒரு தடவை பார்த்தான். "சரிணா. நாளைக்கு அளத்துக்கு வா. உனக்கு ஒண்ணு காட்டறேன்."

புதன்கிழமை விடிந்ததும் மொபெட்டில் வந்து என்னையும் கிதாரையும் ஏற்றிக்கொண்டான். காதர் பாய் மரக்காணம் உப்பளத்தில் சில பாத்திகளைக் குத்தகைக்கு எடுத்திருக்கிறார். மழைக்காலம் முடிந்ததும் அளத்தில் உப்பு வேலை தொடங்குவதற்கு முன்னால் ஒரு வேலை உண்டாம், பாத்தியை மிதிப்பது. தண்ணீரை வடித்துவிட்டு அந்தக் களிமண் தரையை நாள் கணக்கில் காலால் மிதித்து இறுக்க வேண்டும். தரை இறுகினால்தான் உப்புநீர் நிற்கும், உப்பு வெள்ளையாக விளையும். இறுகாத இடத்தில் உப்போடு சேறும் வரும். அவன் சொல்லிக்கொண்டே வந்தான். நான் கடல் பக்கம் திரண்டிருந்த மேகத்தைப் பார்த்துக்கொண்டு வந்தேன். அவனும் அதையேதான் பார்த்தான். "அது இறங்குச்சுன்னா ஆறு நாள் மிதிச்சது அம்புட்டும் வீண்ணா. இன்னிக்கு முடிச்சாவணும்."

பாத்தியில் எட்டுப் பேர் தோளோடு தோள் வரிசையாக நின்றார்கள். முக்கால்வாசிப் பெண்கள், பக்கத்துக் கிராமத்துக்காரர்கள். வரிசையின் முனையில் கன்னியம்மா, ஐம்பது வயதிருக்கும், புடவையை முழங்காலுக்கு மேலே இழுத்துச் செருகியிருந்தார். அவர்தான் குரல் கொடுப்பவர். கொடுத்தார்.

அதே மெட்டு. வார்த்தை வெறும் எண்ணிக்கை, ஒண்ணு, ரெண்டு, மூணு. ஏழு வரைக்கும் எல்லாக் காலும் சேர்ந்து சேற்றில் விழுந்தது. எட்டாவதில் எல்லோரும் ஒரு காலைத் தூக்கி அப்படியே நிறுத்தினார்கள். ஒரு சத்தமில்லை. வரிசை முழுக்க அரை அடி பக்கவாட்டில் நகர்ந்து, மறுபடி ஒண்ணு.

"இதாண்ணா" என்றான் அன்வர். "சின்ன வயசுலேருந்து மிதிச்சிருக்கேன். உன் தெருக் கடைல மாவு அடிக்கிறப்போ கால் தானா போவும்."

"எதுக்கு அந்த எட்டாவதுல நிறுத்தறீங்க?"

"மிதிச்ச இடத்துலயே மறுபடி மிதிச்சா குழி விழும்ணா. தூக்குன கால வெச்சுத்தான் நவுரணும். எல்லாரும் ஒண்ணா நவுரணும்." பிறகு சிரித்தான். "ஆள் பத்தல. செருப்ப கழட்டிட்டு வா. உனக்குத் தெரிஞ்ச பாட்டுதானே."

போனேன். ஒன்பதாவது ஆளாக அவனும் இறங்கினான். பேன்ட்டை மடித்துக்கொண்டு வரிசையின் கடைசியில் நின்றேன். சேறு குளிர்ந்து கணுக்காலைப் பிடித்தது. ஒண்ணு, ரெண்டு, சுகமாக இருந்தது. ஏழு. எட்டாவதில் ஒன்பது கால்கள் அந்தரத்தில் நின்றன. என் கால் மட்டும் சொத்தென்று உள்ளே போனது.

"யோவ், அங்க இன்னா குழி தோண்டற?" என்றார் கன்னியம்மா.

மறுபடி. மறுபடியும் சொத். அப்போதுதான் எனக்கே விஷயம் விளங்கியது. மேடையில் அந்த எட்டாவது அடியில் நான் குரலைத்தான் நிறுத்துவேன். என் கால் அதுபாட்டுக்குக் கீழே தாளம் தட்டிக்கொண்டேதான் இருக்கும். இத்தனை வருஷமாக அந்த இடத்தில் நான் ஒருநாளும் நின்றதே இல்லை.

மூன்றாம் தரம் கன்னியம்மா என் முழங்கையைப் பிடித்து வரிசையிலிருந்து வெளியே விட்டார். "கரையில நில்லுங்க சார். மழ வந்துடும்." பிறகு அன்வர் பக்கம் திரும்பி, "ஏம்பா, இவருதான் அந்தப் பாட்டு கட்டுனவருன்னு சொன்னே?" என்றார். பெண்கள் சிரித்தார்கள். அன்வர் சிரிக்கவில்லை. நான் போட்ட மூன்று குழிகளையும் கன்னியம்மா குதிகாலால் அமுக்கி மூடினார்.

கரையில் நின்று மேகத்தையும் அவர்களையும் மாறி மாறிப் பார்த்தேன். காற்று ஈரமாக அடித்தது. நாலு தூறல் விழுந்தது. குரல் வேகமெடுத்தது, கால்கள் வேகமெடுத்தன, எட்டாவது அடி மட்டும் ஒவ்வொரு தரமும் அப்படியே நின்றது. ஒன்பது மணிக்குப் பாத்தி முடிந்தது. மேகம் வடக்கே போய்விட்டது. கன்னியம்மா கரையில் உட்கார்ந்து தூக்குவாளியைத் திறந்து எனக்கும் ஒரு டம்ளர் கூழ் ஊற்றினார். அதில் உப்பு சரியாக இருந்தது.

காதர் பாய் அப்போதுதான் வந்து சேர்ந்தார். அன்வர் வாய்க்காலில் கால் கழுவிவிட்டு என் எதிரில் வந்து உட்கார்ந்தான்.

"அந்தப் பேப்பர எடுணா."

"உனக்கு எப்படி..."

"மொத நாளே அண்ணன் சொல்லிட்டாரு. நீயே எடுப்பேன்னுதான் பாத்தேன்."

எடுத்துக் கொடுத்தேன். காதர் பாய் அதை வாங்கி, வரி வரியாக விரலை வைத்து உரக்கப் படித்தார். 'எந்த வகையிலும்' என்ற இடத்தில் நிறுத்தி இரண்டு தரம் படித்தார். "போடாதடா" என்றார். "இவரு நம்ம ஊட்ல சோறு தின்னுட்டு இத நீட்றாரு."

"அண்ணே, இருங்க." அன்வர் என்னைப் பார்த்தான். கோபமாக இருக்கும் என்று நினைத்தேன். இல்லை. "ஒண்ணே ஒண்ணு கேக்கறேன்ணா. இந்தப் பாட்டு முழுசா நீ கட்டுனதுதான்னு ஒரு வாட்டி என் மூஞ்சியப் பாத்துச் சொல்லு. போட்டுடறேன்."

எதிரே அந்தப் பாத்தி. ஒன்பது பேர் மிதித்தது இன்னும் பளபளவென்று கிடந்தது. லிம்மை நினைத்தேன். சிவப்புத் தலைமுடிக்காரனை நினைத்தேன். பதினைந்து வருஷக் கல்யாண விருந்துகளை நினைத்தேன், நான் பாடும்போது பிரியாணி எங்கே என்று கேட்கும் ஜனங்களை.

"நான் கட்டுனதுதான்" என்றேன். அவன் முகத்தைப் பார்த்துத்தான் சொன்னேன். குரல் நடுங்கியது.

"சரிணா" என்றான். மொபெட் சீட்டின் மேல் தாளை வைத்து, நிதானமாக, எழுத்து எழுத்தாகத் தன் பெயரை எழுதினான். காதர் பாய் கரையோரமாக நடந்து போய்விட்டார். கன்னியம்மா என் டம்ளரை வாங்கிக் கழுவி வாளிக்குள் போட்டார்.

சாலை வரைக்கும் அன்வரே கொண்டுவந்து விட்டான். வழியில் சுனாமிக்குப் பிறகு கட்டிய புது வீடுகளைக் காட்டினான், யார் யாருக்கு வீடு வந்தது, யாருக்கு வரவில்லை என்றெல்லாம் சொன்னான். நான் ம், ம் என்றேன். பஸ் நிறுத்தத்தில் கிதாரை அவனே பிடித்துக்கொண்டு நின்றான். தூரத்தில் பஸ் தெரிந்ததும் கேட்டான்.

"எந்த வகையிலும்னா, ஊட்டுல பாடறதும் சேத்திதானே? பாப்பாவுக்கு வேற பாட்டு பாக்கணும், இல்ல?"

குத்திக் காட்டவில்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டான். கையெழுத்துப் போட்டால் அதற்குக் கட்டுப்பட வேண்டும் என்று நம்புகிற ஆள் அவன். பஸ் வந்து நின்றது, கண்டக்டர் அவசரப்படுத்தினார், அன்வர் கிதாரை உள்ளே ஏற்றிவிட்டு இறங்கிக்கொண்டான். சென்னை வரைக்கும் அழுதுகொண்டு வந்தேன். பக்கத்து சீட்டுக்காரர் என்ன நினைத்தாரோ, ஒன்றும் கேட்காமல் வேர்க்கடலைப் பொட்டலத்தை நீட்டினார்.

வெள்ளிக்கிழமை, கோலாலம்பூர். லிம்முடைய அறையில் குளிர் எலும்பில் ஏறியது. நான் உட்காருவதற்கு முன்பே கையை நீட்டினார்.

"கையெழுத்து?"

"போடவில்லை."

"ஏன்?"

"அவன் போட்ட மெட்டு. அவன் எப்படிப் போடுவான்?"

லிம் நீட்டிய கையை இழுத்துக்கொண்டார். "அப்படியென்றால் ஆல்பம் இல்லை, தெரியுமல்லவா?" தெரியும் என்றேன். அந்தக் கையெழுத்துக்காக ஒரே வாரத்தில் இரண்டு பொய், அன்வரிடம் ஒன்று, லிம்மிடம் ஒன்று. இரண்டாவதற்குக் குரல் நடுங்கவில்லை.

வீட்டுக்கு வந்ததும் காதர் பாய் கடைக்கு ஃபோன் போட்டேன். பத்துத் தடவை மணி அடித்த பிறகு எடுத்தார். என் குரலைக் கேட்டதும், "இன்னும் இன்னா வேணும்?" என்றார்.

"பாய், அந்தப் பேப்பர் செல்லாது. நான் யாருக்கும் கொடுக்கல. பாப்பாவுக்குப் பாடச் சொல்லுங்க."

கடையில் யாரோ சர்க்கரை கேட்டார்கள்.

"ரெண்டு நாளா அது தூங்கலீங்க" என்றார். "அழுது அழுது ஜுரமே வந்துடுச்சு. எழுதிக் குடுத்துட்டேன், பாட மாட்டேன்றான் இவன். அவளையும் பாட உடல."

"கிழிச்சிடறேன் பாய்."

"கிழிச்சிடறேன்னு எல்லாருந்தான் சொல்லுவாங்க. எனக்குச் சத்தம் கேக்கணும்."

தாளை ரிசீவருக்குப் பக்கத்தில் பிடித்துக்கொண்டு குறுக்கே கிழித்தேன்.

"இன்னொரு வாட்டி" என்றார்.

கிழித்தேன்.

அவர் ரிசீவரைக் கீழே வைக்காமலே தெருவைப் பார்த்துக் கத்தினது எனக்குக் கேட்டது. "டேய் அன்வரு, பாடலாம்டா."